கலை கடல் கடந்தது, கைகள்?

பிறநாட்டார் சுவைக்கு ஏற்பத் தன்னைத் திரித்துக்கொண்டாலன்றி ஒரு கலை உலகேற மாட்டாது என்பார் உளர். அக்கூற்றுப் பொய் என்பதற்குச் சப்பானியரின் இயங்கோவியமே போதிய சான்று. ஆயினும், அதே சான்று வேறோர் உண்மையையும் உடன் உரைக்கின்றது. முகத்தைக் காத்துக்கொண்ட கலையும், தன்னைப் படைக்கும் கைகளைக் காவாது விடுமாயின், நெடிது நில்லாது என்பதே அது.

முதற்கண் முகத்தைக் காண்க. 1954-இல் வெளிவந்த 'கோசிரா' அணுக்குண்டின் கொடுமையை நெஞ்சில் தாங்கி எழுந்த திரைப்படம். 1956-இல் அஃது அமெரிக்கா புக்கபோது அணுக்குண்டு பற்றிய பகுதிகள் பல வெட்டுண்டன. அமெரிக்க நடிகர் ஒருவர் இடையே செருகப்பட்டார். அயாவோ மியாசாக்கியின் 'நவுசிக்கா' 1985-இல் இருபது நிமையத்திற்கும் மேலாகக் குறைக்கப்பட்டது. தலைவியின் பெயரும் மாற்றப்பட்டது. 'போக்கிமான்' தொடரின் ஆங்கில வடிவிலோ, சப்பானியரின் சோற்றுருண்டையே இனிப்பப்பம் ஆக்கப்பட்டது. சோற்றைச் சோறென்று சொல்லவும் விற்றவர் வாய் கூசிற்று!

மியாசாக்கியின் 'கிப்லி' நிலையம் இவ்விழிவைப் பொறுத்துக்கொள்ளவில்லை. 'மோனோனோக்கே இளவரசி' அமெரிக்கா செல்லும் காலை, ஆக்குநர் தோசியோ சுசூகி ஒரு வாளை அங்குள்ளார்க்கு அளித்து, வெட்டுதல் கூடாது என்று உணர்த்தியதாகச் செய்தி உண்டு. விளைவு என்ன? தம் மண்ணின் தெய்வங்களும் குளியலில்லமும் நிறைந்த அவர்தம் ஓவியப்படம் 2003-இல் ஆசுக்கர் பரிசு பெற்றது. 2024-இல் அந்நிலையம் மீண்டும் அதனைப் பெற்றது. தம்மை மறையாதாரை உலகம் மதித்தது!

இனிக் கைகளைக் காண்க. 2023-இல் சப்பானிய இயங்கோவியத்தின் அயல்நாட்டு ஈட்டம் ஏறத்தாழ 1 இலக்கத்து 72 ஆயிரம் கோடி யென். உள்நாட்டு ஈட்டத்தினும் அது மிகுதி. இப்பெரும்பொருள் யாரைச் சேர்கின்றது? தொலைக்காட்சியார், பதிப்பகத்தார், பொம்மை வணிகர் முதலானோர் கூடிய 'ஆக்கக்குழு' முதலிடுகின்றது, உரிமையும் அதற்கே. வரையும் நிலையத்திற்கோ பேசிய தொகை மட்டுமே. படம் உலகெலாம் ஓடினும், உரிமையில் பங்கில்லா நிலையத்திற்கு மேற்கொண்டு வருவது ஒன்றுமில்லை. அந்நிலையத்தினும் கீழே, இடைப்படம் வரையும் இளைஞர் படத்திற்கு இவ்வளவென எண்ணிக் கூலி பெறுகின்றனர். 1963-இல் ஓசாமு தெசூக்கா தம் தொலைக்காட்சித் தொடரை அடக்கவிலைக்கும் குறைத்துக் கொடுத்ததில் தொடங்கிய வழக்கம் இஃது என்பர். வறுமை தாளாது இளையோர் விலகுகின்றனர். வரைவேலை கொரியா, சீனம், பிலிப்பைன்சு எனப் புறம்போகின்றது. அடுத்த தலைமுறைக்குக் கை பழக்குவார் யார்?

வேறு வழியே இல்லையா? உண்டு. கியோத்தோ இயங்கோவிய நிலையம் வரைவோர்க்குத் திங்கட் சம்பளம் தந்து, தன்னகத்தே பயிற்றி வளர்த்தது. 2019-இல் கொடியவன் ஒருவன் இட்ட தீயில் 36 பேரை இழந்தும், அது மீண்டெழுந்து கலை படைக்கின்றது.

2033-க்குள் கதை, படம், இசை, விளையாட்டு ஆகியவற்றின் அயல்நாட்டு விற்பனையை 20 இலக்கம் கோடி யென்னாக உயர்த்தச் சப்பானிய அரசு குறிவைத்துள்ளது. 2024 நவம்பரில் நடைமுறைக்கு வந்த சட்டம், தனித்துப் பணிசெய்வார்க்கு வேலையின் வரையறையை எழுதித் தருதலையும், அறுபது நாளுக்குள் கூலி கொடுத்தலையும் கட்டாயமாக்கியது. நன்றே. ஆயினும், காலத்திற் கொடுப்பது வேறு. போதக் கொடுப்பது வேறு.

விற்பனையை உயர்த்துவார் வரைவோனின் பங்கையும் உடன் உயர்த்துக! தம் சோற்றின் பெயரை மாற்ற ஒவ்வாத மக்கள், அச்சோற்றை வரைந்தவன் பசித்திருக்க ஒவ்வலாமா?