கத்திரிக்காய் காய்த்த பிறகு

தொடர்கதையின் அடியில் 'முற்றும்' என்று போட்டு விட்டால், அடுத்த வாரம் எப்படி இருக்கும் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டுமா? பத்திரிகை வருகிறது. கை தானாகவே அந்தப் பக்கத்தைத் தேடிப் புரட்டுகிறது. அங்கே யாரோ புது மனிதர்கள் உட்கார்ந்திருக்கிறார்கள்! ஒரு வருஷ காலம் நம் வீட்டில் ஒருத்தியாய் இருந்த கதாநாயகி சொல்லாமல் கொள்ளாமல் ரயிலேறிப் போய் விட்டாள். அன்று மத்தியானக் காப்பி கூட ருசிப்பதில்லை.

பாட்டிமார்கள் இதற்கு ஒரு தந்திரம் வைத்திருந்தார்கள். "கதை முடிந்தது, கத்திரிக்காய் காய்த்தது" என்று சொல்லி, குழந்தை "அப்புறம்?" என்று கேட்பதற்குள் போர்வையை இழுத்து மூடி விடுவார்கள். அந்த "அப்புறம்?" இருக்கிறதே, அதற்குப் பதில் சொல்வது கதை சொல்வதைக் காட்டிலும் கஷ்டமான காரியம்.

என் தங்கையின் பேரன் அதே கேள்வியோடு என்னிடம் வந்து நின்றான். பத்து வயதுப் பிள்ளை. கையில் ஒரு பழைய கேம் பாய்ப் பெட்டி. முகத்தில் கல்யாணம் முடிந்த மறுநாள் வீட்டின் களை.

"பாட்டி, ஆட்டம் ஜெயித்து விட்டேன். இனிமேல் என்ன செய்கிறது?"

அவன் ஜெயித்தது 'போக்கிமான் கோல்ட்' என்ற ஆட்டம். உங்கள் வீட்டிலும் போக்கிமான் பைத்தியம் ஒன்று இருக்கலாம். இல்லாதவர்களுக்காக இரண்டு வார்த்தை சொல்கிறேன். ஜப்பானில் மச்சிதா என்ற ஊரில் வளர்ந்தவர் ஸதோஷி தஜிரி. சின்ன வயதில் வண்டு, பூச்சி என்று தேடிப் பிடித்துச் சேர்ப்பதில் அவருக்கு அத்தனை பிரியம். பெரியவரானதும் அந்தப் பிரியத்தையே வீடியோ கேம் ஆக்கி விட்டார். புல்வெளியில் நடந்தால் விசித்திரப் பிராணிகள் எதிர்ப்படும். அவற்றைப் பிடித்து, வளர்த்து, பழக்கி, மற்றவர்களுடைய பிராணிகளோடு மல்யுத்தம் விட வேண்டும். முதல் ஆட்டங்களான 'ரெட்', 'கிரீன்' 1996-ல் ஜப்பானில் வந்தன. அவற்றில் 151 பிராணிகள். 'கோல்ட்', 'ஸில்வர்' 1999-ல் வந்தன. கூட ஒரு நூறு சேர்ந்து 251.

'கோல்ட்' ஆட்டத்தின் கதை ஜோட்டோ என்ற தேசத்தில் நடக்கிறது. எட்டு ஊர்களில் எட்டு ஆசான்களை ஜெயித்து எட்டுப் பதக்கம் வாங்கி, கடைசியில் நால்வர் சபையையும், அதற்கு மேல் லான்ஸ் என்ற சாம்பியனையும் தோற்கடிக்க வேண்டும். அதை முடித்து விட்டுத்தான் பையன் உட்கார்ந்திருந்தான்.

"அட அசடே! நீ முடித்தது பாதிதான்" என்றேன்.

எனக்கு எப்படித் தெரியும் என்கிறீர்களா? இந்தப் பையனின் அம்மா, அதாவது என் தங்கை பெண், பதினொரு வயதில் இதே கேசட்டை வைத்துக் கொண்டு என் வீட்டுக் கூடத்தில் ஒரு கோடை விடுமுறை முழுவதும் படுத்துக் கிடந்தவள். 2001-ல் அவள் மாமா சிங்கப்பூரிலிருந்து வாங்கி வந்தது. கூட உட்கார்ந்து நானும் ஆடியிருக்கிறேன். அந்தக் கதையைக் கடைசியில் சொல்கிறேன்.

லான்ஸைத் தோற்கடித்த பிறகு முதலில் ஊருக்குப் போக வேண்டும். எல்ம் என்ற புரொபஸர் ஒரு கப்பல் டிக்கெட் தருவார். ஆலிவைன் துறைமுகத்தில் ஏறினால் கப்பல் வெர்மிலியன் துறைமுகத்தில் கொண்டு போய் விடும். அது காண்ட்டோ தேசம். பழைய ஆட்டத்தின் கதை நடந்த அதே இடம்! அங்கே இன்னும் எட்டு ஆசான்கள், எட்டுப் பதக்கங்கள் காத்திருக்கின்றன.

பழைய கதை முடிந்து மூன்று வருஷம் கழித்து அந்த ஊர்களைப் பார்க்கிறோம். நாம் பிறந்த ஊருக்கு வெகு நாள் கழித்துப் போனால் எப்படி இருக்கும்? அப்படித்தான். லாவெண்டர் ஊரில் இறந்த பிராணிகளுக்குச் சமாதியாக இருந்த கோபுரம் இப்போது ரேடியோ நிலையம். சின்னபார் தீவை எரிமலை விழுங்கி விட்டது. அவ்வூர் ஆசான் பக்கத்துத் தீவின் குகையில் குடியிருக்கிறார். கோகா என்ற ஆசான் உத்தியோக உயர்வு பெற்று நால்வர் சபைக்குப் போய்விட, அவர் இடத்தில் மகள் ஜெனீன் சமர்த்தாக உட்கார்ந்து காரியம் பார்க்கிறாள். எரிமலை தின்ற தீவின் கரையில் ஒருவன் தனியாக நிற்பான். பழைய ஆட்டத்தின் எதிராளி அவன். அவசரமாகக் கடந்து போய்விடாதீர்கள்; நின்று பேசுங்கள். எட்டாவது பதக்கம் அவன் கையில்தான் இருக்கிறது.

பதினாறு பதக்கமும் சேர்ந்த பிறகு ஸில்வர் மலைக்குப் போக அனுமதி கிடைக்கும். அந்தக் குகையின் உச்சியில் ஒரு பையன் ஒற்றையாக நிற்கிறான். பெயர் ரெட். பழைய ஆட்டத்தை ஆடிய கோடிக் குழந்தைகள் யாராக இருந்து ஆடினார்களோ, அவனேதான்! அவன் ஒரு வார்த்தை பேச மாட்டான். வெறும் மூன்று புள்ளி. பிறகு நேரே சண்டை. ஜெயித்தால் ஒன்றும் சொல்லாமல் மறைந்து விடுவான்.

இங்கே ஓர் எச்சரிக்கை. லான்ஸிடம் உள்ள பெரிய பிராணியின் தரம் 50. காண்ட்டோவின் கடைசி ஆசானிடம் 58. ரெட்டின் பிக்காச்சுவோ 81! நடுவில் படிக்கட்டே கிடையாது. பக்கத்து வீட்டு மாமி "ஏதோ சுமாராக வீணை வாசிப்பாள்" என்று சொன்ன நாட்டுப்பெண் கடைசியில் ரேடியோ வித்துவானாக இருந்த கதைதான். ஆகையால் அவசரப்படாமல் நால்வர் சபைக்கே திரும்பத் திரும்பப் போய்ச் சாதகம் பண்ண வேண்டும். ஒரே செல்லத்தை மட்டும் ஊட்டி வளர்த்துப் பிரயோஜனமில்லை. ரெட்டிடம் மின்சாரம், நெருப்பு, தண்ணீர், தழை என்று ஆறும் ஆறு விதம். பிக்காச்சுவின் மின்சாரம் மண் ஜாதிப் பிராணியை ஒன்றும் செய்யாது. ஸ்னோர்லாக்ஸ் என்ற சோம்பேறிக் குண்டனுக்கு மல்யுத்த ஜாதி. தண்ணீர் ஜாதிக்கு மின்சாரம். இப்படி ஆளுக்கொரு வேலை பிரித்துக் கொடுங்கள். கல்யாணச் சமையலை ஒருத்தர் தலையில் கட்ட முடியுமா?

ரெட்டையும் ஜெயித்த பிறகு? ஜெயிப்பதை மறந்து விட்டு வாழ்ந்து பார்க்கலாம். இந்த ஆட்டத்துக்குள் ஒரு கடிகாரமும் காலண்டரும் இருக்கின்றன. நம் வீட்டில் வெள்ளிக்கிழமை என்றால் அங்கேயும் வெள்ளிக்கிழமை. வெள்ளியன்று யூனியன் குகையின் நீரில் லாப்ரஸ் வரும். செவ்வாய், வியாழன், சனியில் தேசியப் பூங்காவில் பூச்சி பிடிக்கும் போட்டி நடக்கும். தஜிரியின் பால்யம் ஞாபகம் வருகிறதல்லவா? திங்கட்கிழமை இரவு மூன் மலைக்குப் போனால் க்ளிஃபேரிகள் கூடிக் கும்மியடிப்பது போல் ஆடும். நம் வீட்டில் திங்கள் சோமவாரம், வெள்ளி விளக்கு பூஜை என்று நடக்கிறதே, அது போல அங்கேயும் கிழமைக்கு ஒரு விசேஷம். பகலெல்லாம் ஆட வேண்டிய அவசியமில்லை. அன்றன்றைக்குப் பத்து நிமிஷம் எட்டிப் பார்த்தால் போதும். அம்மாமார்களுக்கு இது ஒரு சௌகரியம்!

அம்மா என்றதும் சொல்ல மறந்தேனே. இந்த ஆட்டத்தில் ஓர் அம்மா வருகிறாள். பிள்ளை வெளியூர் கிளம்பும் போதே, "ஜெயிக்கிற பணத்தில் கொஞ்சம் என்னிடம் சேமித்து வைக்கட்டுமா?" என்று கேட்பாள். சேமிப்பாள், சும்மா இருக்க மாட்டாள். கடைத்தெருவில் நல்லதாகப் பார்த்ததை அந்தப் பணத்திலேயே வாங்கி விட்டு, டெலிபோன் பண்ணிச் சொல்வாள். மருந்தும் இருக்கும், அறையில் வைக்கப் பொம்மையும் இருக்கும். எந்த நாட்டு அம்மாவும் அம்மாதான்! கதை முடிந்ததும் ஒரு நடை வீட்டுக்குப் போய், தன் அறையில் என்னென்ன பொம்மை வந்திருக்கிறது என்று பார்க்கச் சொல்லுங்கள் உங்கள் பிள்ளையை.

இதையெல்லாம் செய்தாலும் 251-ஐயும் ஒருவன் தனியாகச் சேர்க்க முடியாது. அப்படித்தான் ஆட்டத்தைக் கட்டியிருக்கிறார்கள். 'கோல்ட்' கேசட்டில் உள்ள க்ரோலித் 'ஸில்வ'ரில் காட்டில் அகப்படாது. 'ஸில்வ'ரின் மியாவ்த் 'கோல்ட்'டில் அகப்படாது. இன்னும் சில பிராணிகள், கைமாறினாலொழிய வளரவே வளராது. கடாப்ரா என்று ஒன்று. நம்மிடமே இருந்தால் கடைசி வரை கடாப்ராதான். இன்னொருவருக்குக் கொடுத்த க்ஷணம் அலக்கஸாம் ஆகிவிடும்! இரண்டு கேம் பாய்களை ஒரு கம்பியால் இணைத்துத்தான் கொடுக்கல் வாங்கல். ஒரு பெட்டியிலிருந்து இன்னொன்றுக்குப் பூச்சி ஊர்ந்து போவது போல் தஜிரிக்குத் தோன்றியதாம். இந்த ஆட்டமே அதிலிருந்துதான் பிறந்தது.

இப்போது என் தங்கை பெண்ணின் கதை. அவளிடம் ஒரு கடாப்ரா இருந்தது. காட்டில் முதலில் எதிர்ப்பட்ட போது அது ஆப்ரா. கண் மூடித் திறப்பதற்குள் ஓடி மறைகிற ஜாதி. அதைப் பிடிக்க அவள் பட்ட பாடு! 'குட்டி' என்று பெயர் வைத்தாள். எதிர்வீட்டுத் தோழியிடம் பழைய 'ரெட்' கேசட் இருந்தது. புது ஆட்டத்திலிருந்து பழைய ஆட்டத்துக்கு அனுப்ப 'டைம் காப்ஸ்யூல்' என்று ஓர் ஏற்பாடு உண்டு. பழைய 151-ல் சேர்ந்ததாக இருக்க வேண்டும், பழைய ஆட்டத்தில் இல்லாத வித்தை எதுவும் கற்றிருக்கக் கூடாது. குட்டி போயிற்று, அலக்கஸாம் ஆயிற்று. "அடுத்த வாரம் திருப்பி வாங்கிக் கொள்கிறேன்" என்றாள் இவள். அதற்குள் தோழியின் அப்பாவுக்கு மாற்றல் உத்தரவு வந்து விட்டது.

வருஷங்கள் ஓடின. பையன் கேட்கிறானே என்று போன வருஷம் அலமாரியிலிருந்து கேசட்டை எடுத்தாள். போட்டால், பழைய ஆட்டத்தைத் தொடரும் வழியே காணோம்! 'கோல்ட்' கேசட்டுக்குள் சின்னதாய் ஒரு பாட்டரி. கடிகாரத்தை ஓட்டுவதும் அதுதான், நாம் ஆடியதை ஞாபகம் வைத்திருப்பதும் அதுதான். அது தீர்ந்தால் எல்லாம் போயிற்று. அந்தக் கோடை விடுமுறை முழுவதும் வளர்த்த ஒன்று கூட மிச்சமில்லை. கடையில் கொடுத்துப் புது பாட்டரி பற்ற வைத்து வாங்கினாள். பையன் முதலிலிருந்து ஆடினான். அவள் ஒன்றும் சொல்லவில்லை. ஆனால் அவன் ஆடும்போது மட்டும் அந்தப் பக்கம் வர மாட்டாள்.

பையனுக்கு நான் சொன்ன கடைசி யோசனை இதுதான்: "உன் அம்மாவின் தோழியைக் கேட்டுப் பார்."

தோழி பெங்களூரில் இருக்கிறாள். 'ரெட்' கேசட்டில் கடிகாரம் கிடையாது. அதனால் பாட்டரி கூடுதலாக உழைக்கும். தேடி எடுத்துப் போட்டுப் பார்த்து விட்டு, அன்று ராத்திரியே டெலிபோன் பண்ணினாள். என் தங்கை பெண் ஓடி வந்தாள். "பெரியம்மா, குட்டி இருக்கான்! என் பேர் கூட இருக்காம்!"

இருக்கத்தானே செய்யும்? இந்தப் பிராணிகள் எத்தனை கை மாறினாலும், முதலில் பிடித்தவர் பெயர் அவற்றின் ஏட்டிலிருந்து அழிவதில்லை. வாங்கினவர் வேறு பெயர் சூட்டவும் முடியாது. போன இடத்தில் அனுபவமும் ஒன்றரை மடங்கு சேரும். புகுந்த வீட்டில் செழிப்பாக வளர்ந்தாலும் பிறந்த வீட்டுப் பெயரை மறக்காத பெண்ணைப் போல!

தோழி ஒரு ஞாயிற்றுக்கிழமை கேசட்டும் கையுமாக வந்தாள். கம்பியை இணைத்தார்கள். இந்த வியாபாரத்தில் ஒன்று கொடுத்தால்தான் ஒன்று வாங்கலாம். என்ன கொடுப்பது? பையன் வெகு நேரம் யோசித்தான். பிறகு, முதல் நாள் புல்வெளியில் பிடித்து, பிட்ஜியிலிருந்து பிட்ஜாட் வரை தானே வளர்த்த பறவையைத் தேர்ந்தெடுத்தான். "ஆன்ட்டி இத்தனை வருஷம் பத்திரமா வச்சிருந்தாங்களே, அதான்" என்றான்.

குட்டி வந்து சேர்ந்தது. அம்மாவின் பெயர் சின்னத் திரையில் அந்தக் காலத்துக் கட்டை எழுத்தில் தெரிந்தது. அவள் புடவைத் தலைப்பை எடுத்துக் கொண்டு சமையலறைப் பக்கம் போய்விட்டாள்.

உங்கள் வீட்டு அலமாரியிலும் அப்படி ஒரு கேசட் தூங்கிக் கொண்டிருந்தால், இன்றைக்கே எடுத்துப் போட்டுப் பாருங்கள். உயிர் இருந்தால், புது ஆட்டம் தொடங்கிப் பழையதன் மேல் எழுதி விடாதீர்கள். முதலில், பிரியமானது ஒன்றை யாருக்காவது கொடுத்து வையுங்கள். பெட்டியில் பூட்டி வைத்ததெல்லாம் ஒரு நாள் பாட்டரியோடு போய்விடும். கொடுத்தது இருக்கிறது.