ஸ்கேட்போர்டுக்கு ஓர் இடம்



ஸ்கேட்போர்டிங் ஆபத்தான விளையாட்டு என்று உங்கள் பத்திரிகையின் சென்ற வாரக் கட்டுரையில் எழுதியிருந்ததை என்னால் ஏற்க முடியவில்லை. எங்கள் திருப்பூரில் ஆபத்தானது ரோடுதான். ஞாயிற்றுக்கிழமை பனியன் கம்பெனிகளுக்கு லீவு என்ற தைரியத்தில் பையன்கள் ஸ்கேட்போர்டோடு தெருவில் இறங்குகிறார்கள். சின்ன ஜல்லி சக்கரத்தில் மாட்டினால் போதும். பலகை நின்றுவிடும், பையன் நிற்கமாட்டான். எதிர்வீட்டுப் பையன் அப்படித்தான் விழுந்தான். துணி ரோல் ஏற்றி வந்த டெம்போக்காரர் பிரேக் பிடித்ததால் மணிக்கட்டில் மாவுக்கட்டோடு போயிற்று. தலையில் ஹெல்மெட் கிடையாது.

இதே ஸ்கேட்போர்டிங் 2021இல் டோக்கியோ ஒலிம்பிக்கில் முதன்முதலாக இடம்பெற்றபோது, 13 வயது ஜப்பான் சிறுமி மொமிஜி நிஷியா தங்கம் வென்றார். மத்தியப் பிரதேசத்தின் பன்னா மாவட்டத்தில், ஜன்வார் என்ற குக்கிராமத்திலேயே 2015இல் இதற்கென கான்கிரீட் தளம் கட்டிவிட்டார்கள். பள்ளிக்கூடம் போகாத பிள்ளைக்கு அங்கே பலகை கிடையாது, நல்ல விதி! டி-ஷர்ட்டும் ஹூடியும் தைத்து உலகத்துக்கே அனுப்பும் திருப்பூருக்கு இப்படி ஒரு தளம் பெரிய செலவா?

மாநகராட்சிப் பூங்கா ஒன்றில் ஒரு மூலையை ஒதுக்கி வழவழப்பான சிமென்ட் தளம் போடலாம். ஏற்றுமதியாளர்கள் செலவில் பங்கு தரலாம். ஹெல்மெட்டும் முழங்கால் பேடும் இல்லாதவர்களை உள்ளே விடக்கூடாது.

- ஒரு வாசகி, அனுப்பர்பாளையம், திருப்பூர்