அப்பீல் போட்டால் ஸ்டே ஆகிவிடுமா?

வழக்கில் ஜெயித்தவர் உத்தரவு நகலோடு அலுவலகம் போகிறார். "அப்பீல் போட்டிருக்கோம் சார், அது முடியட்டும்" என்று பதில் வருகிறது. அதுதானே முறை என்று அவரும் திரும்பிவிடுகிறார். தோற்ற தரப்பு இப்படிச் சொல்வதில் வியப்பில்லை. ஜெயித்தவரும் இதை நம்பிவிடுவதுதான் எரிச்சல்.

மேல்முறையீடு செய்ததாலேயே எந்த உத்தரவும் நின்றுவிடாது. 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டம், 41ஆம் கட்டளை 5ஆம் விதியில் இதைப் பச்சையாகவே சொல்கிறது: மேல் நீதிமன்றம் தடை கொடுத்தால்தான் தடை. ரிட் வழக்குகளிலும் நெறி இதுவே. ஆனால் நடப்பது என்ன? அப்பீல் இன்னும் எண்ணிடப்படாமலே கிடக்கும், அதைக் காட்டியே கோப்பை மூடி வைப்பார்கள். உத்தரவை மதிக்காததற்காகப் போட்ட நீதிமன்ற அவமதிப்பு மனு விசாரணைக்கு வரும் வாரத்தில்தான் ஸ்டே கேட்கும் ஞாபகமே வரும்.

"உத்தரவே தப்பு, அதை எப்படி நிறைவேற்றுவது?" என்பது அடுத்த வாதம். தப்போ சரியோ, ரத்தாகும் வரை அது கட்டுப்படுத்தும். இடைக்காலத் தடை விதித்த நீதிமன்றத்துக்கு அந்த வழக்கை விசாரிக்கவே அதிகாரமில்லை என்று பிற்பாடு முடிவானாலும், இடையில் தடையை மீறியவர் தண்டனைக்கு உரியவரே என்று 1997இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. தடை கேட்கும் மனு காத்திருந்தால் அதை முதலில் கேட்டுவிட்டு அவமதிப்பை எடுப்பது நல்லது என்று சொன்னதும் அதே நீதிமன்றம்தான், அதை நான் மறுக்கவில்லை. அந்தச் சலுகை தடை கேட்டுக் கதவைத் தட்டுகிறவருக்கு. மனுவைப் போட்டுவிட்டுத் தூங்குகிறவருக்கு அல்ல.

உத்தரவை மீறும் இந்தத் துணிச்சலுக்குச் சட்டமும் ஒரு காரணம். அவமதிப்புக்கு அதிகபட்சம் ஆறு மாதச் சிறை, இரண்டாயிரம் ரூபாய் அபராதம். 1926ஆம் ஆண்டுச் சட்டத்திலும் அதே இரண்டாயிரம்! அபராதம் யாரையும் உலுக்காது, சிறை உலுக்கும். 2019 பிப்ரவரியில், தொழிலதிபர் அனில் அம்பானி எரிக்சன் நிறுவனத்துக்குச் சுமார் 453 கோடி ரூபாயை நான்கு வாரத்தில் கட்டாவிட்டால் மூன்று மாதம் உள்ளே என்றது உச்ச நீதிமன்றம். அவர் தரப்பிலிருந்து மார்ச்சில் பணம் வந்துவிட்டது.

அப்பீல் போட்டாலே ஸ்டே என்ற மூடநம்பிக்கையின் உண்மையான விலை வேறிடத்தில் இருக்கிறது. 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20ஆம் பிரிவு, மீறல் நடந்த நாளிலிருந்து ஓராண்டுதான் தருகிறது. எட்டு வாரத்தில் செய் என்ற உத்தரவானால், அந்த எட்டு வாரம் முடிந்ததும் கணக்கு ஓடத் தொடங்கிவிடும். அப்பீல் முடியட்டும் என்று காத்திருப்பவர் ஒவ்வொரு மாதமாக அந்த ஓராண்டை எதிராளிக்குத் தானம் செய்கிறார். அலுவலகத்துக்கு இது தெரியும்.

ஆகவே உத்தரவு நகலை ஒப்புகையோடு தபாலில் அனுப்புங்கள். அப்பீல் எண்ணைச் சொன்னால் ஸ்டே உத்தரவின் நகலைக் கேளுங்கள். காட்ட முடியாவிட்டால் ஓராண்டுக்குள் அவமதிப்பு மனு போடுங்கள்.