மருமகள் குடும்பத்தில் சேர்த்தியா?

தமிழ்நாட்டில் சொந்தபந்தம் உள்ளவர்களுக்கு ரேஷன் கடை புதிதல்ல. ஊருக்குப் போன இடத்தில் அத்தையோ சித்தியோ பையும் அட்டையுமாக வரிசைக்குக் கிளம்புவதைப் பார்த்திருப்போம். அங்கே பெரும்பாலான கடைகளைக் கூட்டுறவுச் சங்கங்கள் நடத்துகின்றன. கடையில் நிற்பவர் சம்பளத்துக்கு வேலை பார்ப்பவர்.

வடக்கே உத்தரப் பிரதேசத்தில் ஏற்பாடு வேறு. அங்கே கடைக்கான உரிமம் தனி ஒருவர் பெயரில் இருக்கும். கொடுக்கும் தானியத்தின் எடைக்கு ஏற்பக் கிடைக்கும் கமிஷன்தான் அவருடைய வருமானம். 2021இல் அது நூறு கிலோவுக்கு 70 ரூபாய். தலைக்கு மாதம் 5 கிலோ என்று வைத்துக்கொண்டால், இருபது பேருக்கு அளந்து போட்ட பிறகு கைக்கு வருவது அந்த 70 ரூபாய். பெரிய வியாபாரம் ஒன்றுமில்லை. ஆனாலும் அதை நம்பிக் குடும்பங்கள் இருக்கின்றன. உரிமம் வைத்திருந்தவர் திடீரென்று இறந்துவிட்டால் வீடு தவித்துப் போகக்கூடாது என்பதற்காக, கருணை அடிப்படையில் குடும்பத்தில் ஒருவருக்கே அந்தக் கடையை ஒதுக்கித் தரும் வழக்கம் உண்டு.

சரி, குடும்பம் என்றால் யார் யார்? சிக்கல் அங்கேதான் ஆரம்பித்தது.

2019 ஆகஸ்டில் அந்த மாநில அரசு வெளியிட்ட ஆணை ஒன்று குடும்பத்துக்கு விளக்கம் தந்தது. அதில் மகளுக்கு இடமிருந்தது, மருமகளுக்கு இல்லை. ஒரு பெண், கணவரை இழந்தவர், இரண்டு சிறு பிள்ளைகளுடன் மாமியாரை அண்டி வாழ்ந்துவந்தார். கடை மாமியார் பெயரில் இருந்தது. 2021 ஏப்ரலில் மாமியாரும் போய்விட்டார். மருமகள் விண்ணப்பம் போட்டார். ஜூன் மாதம் பதில் வந்தது: நீங்கள் அரசாணை சொல்லும் குடும்பத்தில் இல்லை.

கல்யாணம் ஆன நாள் முதல் "இனி இதுதான் உன் வீடு" என்று அந்தப் பெண்ணிடம் எத்தனை பேர் சொல்லியிருப்பார்கள்! கடைசியில் ஒரு காகிதம் வந்து இல்லை என்கிறது.

அவர் அலகாபாத் உயர் நீதிமன்றத்துக்குப் போனார். மின்வாரிய வேலை ஒன்று தொடர்பான வழக்கில் 2011லேயே அதே நீதிமன்றம் மருமகளுக்குச் சாதகமாகச் சொல்லியிருந்தது. அதைப் பின்பற்றி, 2021 டிசம்பரில் மருமகளையும் குடும்பத்தில் சேர்த்தாக வேண்டும் என்று தீர்ப்பு வந்தது. இதில் இன்னொரு வேடிக்கை. ரேஷன் கடைகளைப் பெண்கள் நடத்துவதை ஊக்குவிக்க வேண்டும் என்று 2013ஆம் ஆண்டின் தேசிய உணவுப் பாதுகாப்புச் சட்டமே சொல்கிறது. கடை நடத்த முன்வந்த பெண்ணை ஓர் அரசாணை வாசலில் நிறுத்தி வைத்தது!

எதிர்ப்பக்கத்திலும் நியாயம் இருக்கிறது. கருணை என்பது பரம்பரைச் சொத்து ஆகாது. தந்தைக்குப் பின் மகன், மகனுக்குப் பின் பேரன் என்று போனால் மற்ற ஏழைகளுக்கு வாய்ப்பே வராது. கருணை வேலை வாரிசுரிமை அல்ல, திடீர் நெருக்கடியைத் தாண்டக் கொடுக்கும் கைத்தாங்கல் என்று இந்திய உச்ச நீதிமன்றம் 1994லேயே சொல்லியிருக்கிறது. சொல்லப்போனால் ரேஷன் கடை அட்டைதாரர்களுக்காக இருப்பது, உரிமக்காரருக்காக அல்ல.

எனக்கு உறுத்தியது வேறு. மகளைவிட மருமகளுக்கே அந்தக் குடும்பத்தில் கூடுதல் உரிமை என்ற ரீதியிலும் நீதிமன்றம் பேசியது. பத்திரிகைகளும் அதையே தலைப்பாக்கின. மகளா மருமகளா என்று பட்டிமன்றம் நடத்த இதில் என்ன இருக்கிறது? கணவன் கைவிட்டு, தாய்வீட்டுக்குத் திரும்பி, அம்மாவின் கடையிலேயே தராசு பிடித்த மகளும் இருப்பாள். வெளியூரில் நல்ல சம்பளத்தில் இருந்துகொண்டு உரிமத்துக்கு மட்டும் வந்து நிற்கும் மகனும் இருப்பான். அந்தக் கடையின் வருமானத்தில் யார் சாப்பிட்டார்கள், அது நின்றால் யார் பட்டினி கிடப்பார்கள் என்று பார்த்தால் போதாதா? கிராமத்தில் விசாரித்தால் ஒரே மத்தியானத்தில் தெரிந்துவிடும்.

அந்தப் பெண்ணின் விண்ணப்பம் ஜூனில் தள்ளுபடியானது. தீர்ப்பு வந்தது டிசம்பரில். இடையில் அந்த ஆறு மாதம் இரண்டு பிள்ளைகளுக்கும் அவர் எதைக் கொண்டு சோறு போட்டாரோ!