உலக்கையும் புகழுரையும்

கொல்லிமலை என்றவுடன் வல்வில் ஓரியின் வண்மையை நினைந்து மகிழ்தல் தமிழ் பயில்வோர்க்கு இயல்பு. 70 கொண்டையூசி வளைவுகளுக்கு அப்பால் வாழும் மலையாளி மக்களின் அன்றாட உழைப்பையோ நாம் எண்ணுதல் அரிது.

சரிவான புன்செய்களில் அவர்கள் தொன்றுதொட்டு விளைத்து வந்தவை சாமை, தினை, கேழ்வரகு முதலியன. சாமையை அறுத்து அடித்தவுடன் வேலை முடிந்துவிடுவதன்று. மணியோ மிகச் சிறிது, உமியோ வலிது. உரலிலிட்டு உலக்கையாற் குற்றியும், சுளகினாற் புடைத்தும், மீண்டுங் குற்றியும் பெண்டிர் நெடும்பொழுது வருந்தினாலன்றிச் சோறு ஆகாது. விறகு சுமப்பவரும் அவரே. மரவள்ளிக்கு இத்துன்பமில்லை; கிழங்கைத் தோண்டி ஜவ்வரிசி ஆலைக்கு விற்றாற் காசு வரும். ஆகவே சாமைப் புலங்கள் சுருங்கின.

ஐக்கிய நாடுகள் அவை 2023ஆம் ஆண்டைச் சிறுதானிய ஆண்டெனக் கொண்டாடியது. மலைமக்கள் பழமையை விடலாகாதென நகரத்தார் அறிவுரை கூறுகின்றனர். உலக்கை பிடியாதார் உலக்கையைப் புகழ்தல் எளிதன்றோ! பழமையைக் காக்கும் பாரம் முழுவதையும் பெண்டிர் தோள்மீது ஏற்றுதல் அறமாகுமோ?

எம். எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனம் அம்மலையில் உமி நீக்கும் பொறிகளை அமைக்க உதவிற்று. அதுவே தக்க வழி. பொறியினாற் பண்பாடு கெடுமென்பார் ஒன்று உணர்வாராக: காக்கத்தக்கது விதையும் அதனை விதைக்கும் அறிவுமேயன்றித் தோள்வலியன்று.

தச்சுத்தொழில் செய்த பெருமானை வணங்கும் நாம் கைத்தொழிலை இழிவென எண்ணோம். ஆயினும், உழைப்பைப் போற்றுதல் வேறு. உழைப்போர் படும் வருத்தத்தைப் போற்றுதல் வேறு. ஊர்தோறும் பொறியும், விளைவுக்கு உரிய விலையும் கிடைக்கச் செய்து, அதன்பின் சாமையைப் பாராட்டுவோமாக.