ரூம் ஐடி போட்டால் வரிசை ஆகிவிடாது

கஸ்டம் ரூம் லைவ் பார்த்தவர்களுக்கு இந்தக் காட்சி மனப்பாடம். ஸ்ட்ரீமர் மூன்று, இரண்டு, ஒன்று என்று எண்ணி ரூம் ஐடியையும் பாஸ்வேர்டையும் திரையில் போடுவார். அரை நிமிடம்கூட ஆகாது, ரூம் நிரம்பிவிடும். அடுத்த ஐந்து நிமிடத்துக்குச் சாட்டில் ஒரே பல்லவி: ‘அண்ணா ரூம் ஃபுல்’, ‘ப்ரோ நேத்தும் இதேதான்’, ‘எங்கள எல்லாம் எடுக்கவே மாட்டீங்களா’. ‘அடுத்த மேட்ச்ல பாத்துக்கலாம் மக்களே’ என்று சொல்லிவிட்டு ஸ்ட்ரீமர் ஆட்டத்தைத் தொடங்குவார். அடுத்த மேட்சிலும் அதே கதைதான்.

இந்த முண்டியடிப்பில் யார் யார் உள்ளே போகிறார்கள் என்று நம்மில் பலர் பார்ப்பதே இல்லை. ஒரு வாரத்து ரூம் பட்டியலை ஸ்க்ரீன்ஷாட் எடுத்து ஒப்பிட்டுப் பாருங்கள். பாதிக்கு மேல் பழகிய பெயர்களாக இருக்கும். மாடரேட்டர்களின் வாட்ஸ்அப் குழுவில் இருப்பவர்களுக்கு ஐடி முன்கூட்டியே போயிருக்கும். மற்றவர்கள் கம்ப்யூட்டரில் லைவ், கைப்பேசியில் கேம் என்று இரண்டு திரை வைத்திருப்பவர்கள். பிஜிஎம்ஐ ரூமில் 100 பேருக்குத்தான் இடம். அதில் புதிதாக வந்த பார்வையாளனுக்கு மிஞ்சுவது எத்தனை?

நேர்மையாகவே ஐடியைத் திரையில் மட்டும் போடுகிறோம் என்றாலும் எல்லோரும் ஒரே கோட்டிலிருந்து ஓடுவதில்லை. யூடியூபில் அல்ட்ரா லோ லேட்டன்சி வைத்தால் பெரும்பாலானவர்களுக்கு 5 நொடிக்குள் படம் போய்ச் சேரும். லோ லேட்டன்சியில் 10 நொடி வரை ஆகும், சாதாரண நிலையில் அதற்கும் மேல். லைவைப் பார்த்தே நம்மைத் தேடி வந்து சுடும் ஸ்ட்ரீம் ஸ்நைப்பிங்குக்குப் பயந்து, ஒளிபரப்பு மென்பொருளான ஓபிஎஸ்ஸில் நாமே வைக்கும் டிலே இதற்கு மேல் தனி. டவர் சரியாகக் கிடைக்காத இடத்தில் பஃபர் ஆகி நிற்பவனுக்கு ஐடி கண்ணில் படும்போது ரூம் பாதி நிரம்பியிருக்கும்.

எடப்பாடிப் பக்கத்துப் பார்வையாளனை நினைத்துப் பாருங்கள். தறிக்கூடத்தில் மாலை ஷிப்ட். நான்கு தறி ஓடுகிற சத்தத்தில் லைவின் குரல் காதில் விழாது. படத்தைத்தான் பார்க்க முடியும். நூல் தார் தீர்ந்தால் மாற்ற ஓட வேண்டும், இழை அறுந்தால் பிணைக்க வேண்டும். கையில் இருப்பது ஒரே ஒரு கைப்பேசி. ஐடியைப் பார்த்து, மனப்பாடம் செய்து, யூடியூபை விட்டு வெளியேறி, கேமைத் திறந்து, அது லோடாகி, எண்ணைத் தட்டி முடிப்பதற்குள் நமது அரை நிமிடம் தீர்ந்து போயிருக்கும். கேமுக்குள் போனபின் லைவில் நாம் என்ன சொல்கிறோம் என்பதும் அவனுக்குத் தெரியாது. ‘ஐடி மாத்திட்டேன் மக்களே’ என்று நாம் சொல்வது அவனைத் தவிர எல்லோருக்கும் கேட்கும். வேகத்தில் தோற்றான் என்று இதைச் சொல்ல முடியாது. பந்தயத்தையே அவனுக்கு எதிராக அமைத்துவிட்டு அவனை ஓடச் சொல்கிறோம்.

இந்தச் சங்கடம் இன்று வந்ததில்லை. சன் டிவியில் உமா நடத்திய ‘பெப்சி உங்கள் சாய்ஸ்’ தொலைபேசி நிகழ்ச்சியின் காலத்தில், லைன் கிடைத்தவர்கள் முதலில் சொன்னது எத்தனை நாளாக முயற்சி செய்கிறார்கள் என்பதைத்தான். 1990இல் டென்மார்க் தொலைக்காட்சியில் தொடங்கிப் பல நாடுகளுக்குப் போன ‘ஹ்யூகோ’ விளையாட்டில் நேயர் தம் வீட்டுத் தொலைபேசிப் பொத்தான்களை அழுத்தித் திரையில் இருக்கும் பாத்திரத்தை ஓட வைப்பார். ஒரு நேரத்தில் ஒருவர். மற்றவர்கள் வேடிக்கை பார்ப்பார்கள். லைன் பிஸியாக இருந்தால் வரிசையில் எத்தனையாவது ஆள் என்று அந்த நேயருக்குத் தெரிய வழியில்லை. இன்று நம் கையில் சாட் இருக்கிறது, பாட் இருக்கிறது, திரையில் எழுத இடம் இருக்கிறது. இருந்தும் அதே பிஸி டோனைத்தான் நாம் பார்வையாளனுக்குத் தருகிறோம்.

எல்லா ஆட்டத்துக்கும் வரிசை வேண்டியதில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். 2014 பிப்ரவரி 12 அன்று ட்விட்ச் தளத்தில் தொடங்கிய ‘ட்விட்ச் ப்ளேஸ் போக்கிமான்’ வரிசையையே ஒழித்துக் கட்டியது. சாட்டில் யார் எந்தக் கட்டளையைத் தட்டினாலும் ஆட்டம் அதைக் கேட்டது. 10 லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் சேர்ந்து 16 நாளில் ஆட்டத்தை முடித்தார்கள். குழப்பம் தாங்காமல் நடுவில் வாக்கெடுப்பு முறையும் புகுத்தப்பட்டது. ‘மார்பிள்ஸ் ஆன் ஸ்ட்ரீம்’ மாதிரி ஆட்டங்களில் ஒரு கட்டளை அடித்தால் ஆளுக்கொரு கோலிக்குண்டு. இடப் பிரச்சினை கிட்டத்தட்ட இல்லை. ஜாக்பாக்ஸ் ஆட்டங்களில் பெரும்பாலும் 8 பேர்தான் ஆட முடியும். ஆனால் அதே ரூம் கோடை வைத்து மற்றவர்கள் பார்வையாளர் பகுதியில் சேர்ந்து வாக்களிக்கலாம். இடம் கிடைக்காதவனுக்கும் ஒரு வேலை கொடுத்த அந்த ஏற்பாடு நமக்குப் பாடம். தொல்லை எல்லாம் இடம் எண்ணி வைத்த ஆட்டங்களில்தான்: பிஜிஎம்ஐ, ஃப்ரீ ஃபயர் மேக்ஸ், 15 பேருக்கு மேல் கொள்ளாத அமங் அஸ், ஒற்றைக்கு ஒற்றை ஆடும் செஸ்.

செஸ் என்றதும் நம் நாட்டிலேயே ஒரு நல்ல முன்மாதிரி இருக்கிறது. 2021 மே 13 அன்று கோவிட் நிவாரணத்துக்காக விஸ்வநாதன் ஆனந்தும், கொனேரு ஹம்பி, ஹரிகா, நிஹால் சரின், பிரக்ஞானந்தா ஆகியோரும் செஸ்.காம் தளத்தில் பொதுமக்களோடு ஆடினார்கள். 2000 ரேட்டிங்குக்குக் கீழே உள்ளவர்கள் மட்டும் சேரலாம். ஆனந்தோடு ஆட 150 டாலர், மற்ற நால்வரோடு ஆட 25 டாலர், பணம் நிவாரணத்துக்கு. யார் சேரலாம், எவ்வளவு, யாரோடு என்ற மூன்றும் முதல் காய் நகர்வதற்கு முன்பே தெரிந்துவிட்டன. ஆனந்தின் லைவுக்கு நம்முடையதைவிடக் கூட்டம் குறைவாகவா இருந்திருக்கும்? விதியை முன்பே சொல்லிவிட்டால் சேர முடியாதவனுக்கு ஏமாற்றம் மட்டும்தான் இருக்கும், சந்தேகம் இருக்காது. செஸ் ஸ்ட்ரீமர்களுக்கு மென்பொருளும் துணை நிற்கிறது. லைசெஸ் தளத்தில் ஒருவர் பலரோடு ஆடும் சைமல் திறந்தால் விண்ணப்பித்தவர்களின் பட்டியல் வந்துவிடும். அரீனா திறந்தால் ஜோடி சேர்ப்பதையும் தளமே பார்த்துக்கொள்கிறது.

சுடும் ஆட்டங்களில் அந்த வசதி இல்லை; நாமே கட்ட வேண்டும். எங்கள் பரிந்துரை இதுதான். மேட்ச் தொடங்குவதற்குப் பத்து நிமிடம் முன்பு பதிவைத் திறங்கள், ஐந்து நிமிடம் திறந்து வையுங்கள். அந்த ஐந்து நிமிடத்துக்குள் சாட்டில் கட்டளை அடித்தவர்கள் எல்லோரும் சமம். முதல் நொடியில் அடித்தவனும் கடைசி நொடியில் அடித்தவனும் ஒரே குடத்துக்குள் சீட்டு. பிறகு குலுக்கல். தாமதம் 5 நொடியா 40 நொடியா என்ற கேள்வியே அப்போது எழாது. நேற்று பதிந்து இடம் கிடைக்காதவர்கள் குலுக்கலுக்கு முன்பே உள்ளே வரட்டும். ஏற்கெனவே ஒரு மேட்ச் ஆடியவர், காத்திருப்பவர்கள் தீரும்வரை பொறுக்கட்டும். எடப்பாடிக்காரர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை. தைப்பூசக் கூட்டம் ஓய்ந்த பிறகுதான் எடப்பாடிக் காவடி பழநிக்குப் போய்ச் சேர்கிறது. மலைமேல் இரவு தங்கும் உரிமையும் அவர்களுக்கு உண்டு. தம் முறை எப்போது வரும் என்று முன்பே தெரிந்திருப்பதால் தைப்பூசத்தன்று அவர்கள் யாரையும் முண்டியடிப்பதில்லை.

பட்டியல் திரையில் தெரிய வேண்டும். ஓபிஎஸ்ஸில் டெக்ஸ்ட் சோர்ஸ் வைத்து ‘ஃபைலிலிருந்து படி’ என்று கொடுத்துவிட்டால் பாட் எழுதும் பெயர்கள் தாமாகவே திரைக்கு வரும். இப்போது ஆடுபவர்கள், அடுத்து வருபவர்கள், காத்திருப்பவர்கள் எத்தனை பேர்: இவ்வளவு போதும். அடுத்தவர்களை ஒரு மேட்ச் முன்னதாகவே அழையுங்கள். ஒற்றைக் கைப்பேசிக்காரன் கேமைத் திறக்க இரண்டு நிமிடம் கொடுங்கள். வராதவரைத் தூக்கி எறிய வேண்டாம், ஒருமுறை கடைசிக்கு அனுப்புங்கள். தார் மாற்றப் போயிருக்கலாம்.

பட்டியலில் இல்லாதவர்கள் ரூமுக்குள் வந்தால்? யூடியூப் லைவ் சாட்டில் தனிச்செய்தி அனுப்ப வழியில்லாததால் ஐடி எப்படியும் கசியும். அதற்குத்தான் ரூம் ஓனர் கையில் கிக் பட்டன் இருக்கிறது. ஒரு மாடரேட்டர் லாபியில் உட்கார்ந்து பெயரைச் சரிபார்க்கட்டும். ஆனால் நம் பிள்ளைகள் கேமில் வைத்திருக்கும் பெயர்களில் கிரீடமும் கத்தியும் ஜப்பானிய எழுத்தும் கலந்திருக்கும். சாட்டில் அதைத் தட்டவும் முடியாது, மாடரேட்டருக்குப் படிக்கவும் வராது. பதிவின்போது கேம் ஐடி எண்ணின் கடைசி நான்கு இலக்கத்தைக் கேட்டு வாங்குவது எளிது.

கைப்பேசி எண்ணை மட்டும் கேட்காதீர்கள். கூகுள் ஃபார்மில் பெயர், ஊர், வாட்ஸ்அப் எண், இன்ஸ்டா ஐடி என்று வாங்கிக் குவிக்கும் சேனல்கள் நம்மிடையே இருக்கின்றன. வரிசையில் நிற்பவர்களில் பெரும்பகுதி 18 வயது ஆகாதவர்கள் என்பது நம் எல்லோருக்கும் தெரியும். 2023ஆம் ஆண்டின் டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம், 18 வயதுக்குட்பட்டவர்களின் விவரங்களைக் கையாளப் பெற்றோரின் ஒப்புதலைக் கேட்கிறது. ஒரு மேட்ச் ஆட வந்த சிறுவனின் எண் நமக்கு எதற்கு? பிள்ளைகள் பார்க்கும் லைவை எப்படியெல்லாம் நடத்தக்கூடாது என்பதை 2021 ஜூனில் பப்ஜி யூடியூபர் ஒருவர் தருமபுரியில் கைதானபோது தமிழ்நாடு முழுக்கப் பேசியாயிற்று.

தனியே பாட் எழுதிக்கொள்பவர்களுக்கு ஒரு கணக்கு. யூடியூப் ஏபிஐயில் ஒரு நாளைக்கு இயல்பாகக் கிடைப்பது 10,000 அலகு. சாட்டை ஒருமுறை படிக்க 5 அலகு போகிறது என்று வைத்துக்கொண்டால், 5 நொடிக்கு ஒருமுறை படிக்கும் பாட் 2 மணி 46 நிமிடத்தில் மூச்சை விட்டுவிடும். இரவு எட்டுக்குத் தொடங்கினால் பதினொன்றுக்கு முன்பே வரிசை நின்றுபோகும். பதிவு நேரத்தில் மட்டும் பாட்டை விழிக்க வைத்தால் நாள் முழுக்கத் தாங்கும். ஸ்ட்ரீம்லேப்ஸ் போன்ற தயார் பாட்களைப் பயன்படுத்துபவர்களுக்கு இந்தத் தலைவலி இல்லை.

கடைசியாகப் பணம். சூப்பர் சாட் போட்டால் முன்னால் இடம் என்பது நம் துறையில் ஊறிப்போன வழக்கம். ஆனந்தின் ஆட்டத்தில் பணம் வாங்கவில்லையா என்று சிலர் கேட்கக்கூடும். அங்கே விலை முன்பே சொல்லப்பட்டது, பணம் நிவாரணத்துக்குப் போனது, ஜெயித்தவருக்கு ரொக்கம் என்ற பேச்சே இல்லை. நம் லைவில் இலவசமாகக் காத்திருப்பவனைத் தாண்டி 40 ரூபாய்க்காரன் ஏறுகிறான். மெம்பர்களுக்குச் சலுகை வேண்டுமென்றால் நான்கில் ஒரு இடம் அவர்களுக்கு என்று முன்பே எழுதிப் போடுங்கள். மற்ற மூன்றில் கை வைக்காதீர்கள். பணம் வாங்கி வரிசையில் சேர்த்து, ஜெயித்தவருக்குப் பரிசுப் பணமும் கொடுப்பவர்கள் உடனே நிறுத்த வேண்டும். 2025 ஆகஸ்ட் 22 அன்று குடியரசுத் தலைவர் ஒப்புதல் பெற்ற ஆன்லைன் விளையாட்டுச் சட்டத்தின்படி, பணம் கட்டிப் பணம் ஜெயிக்கலாம் என்று ஆடுவது திறமை ஆட்டமானாலும் அதிர்ஷ்ட ஆட்டமானாலும் பண விளையாட்டுதான். அதை நடத்துபவருக்கு 3 ஆண்டு வரை சிறை, ஒரு கோடி ரூபாய் வரை அபராதம். விளம்பரம் செய்தாலும் 2 ஆண்டு வரை சிறை உண்டு. ‘சின்ன சேனல் அண்ணா, 50 ரூபாய்தான்’ என்ற சமாதானத்துக்கு அந்தச் சட்டத்தில் இடமில்லை.

இந்த மாதம் ஒரு சோதனை செய்து பாருங்கள். ஒரு வார லைவில் ஐடியைத் திரையில் வீசாமல், ஐந்து நிமிடப் பதிவும் குலுக்கலும் வைத்து நடத்துங்கள். ஒவ்வொரு மேட்சிலும் முதன்முறையாக ஆட வந்தவர்கள் எத்தனை பேர் என்று குறித்துக்கொள்ளுங்கள். எடப்பாடி, ஜலகண்டாபுரம், சங்ககிரி, திருச்செங்கோடு பக்கத்திலிருந்து லைவ் போடுபவர்கள் தங்கள் வரிசை விதிகளை அரைப் பக்கத்துக்குள் எழுதி, அந்தக் கணக்கோடு சேர்த்து அனுப்பினால் அடுத்த இதழில் அப்படியே வெளியிடுகிறோம்.