ஒப்படைக்கப்படும் மகள்கள்

சாதி மாறி மணந்த பெண் போலீஸ் பாதுகாப்புக் கேட்டு உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுப் போடுகிறாள். அப்பா அடித்தார், மாமன் அரிவாளோடு வந்தான், அண்ணன் போனில் மிரட்டினான் என்று தேதிவாரியாக எழுத வேண்டும். தன் பயத்துக்குத் தானே சாட்சியம் தேட வேண்டும். பிறகு வரும் உத்தரவு பல சமயம் இதுதான்: கோரிக்கையைப் பரிசீலித்து, அச்சுறுத்தல் இருந்தால் சட்டப்படி நடவடிக்கை எடுக்கவும். இது யாருக்குப் போகிறது? அவளைக் கைவிட்ட அதே காவல் நிலையத்துக்கு.

அங்கே அவளுக்கு முன்பே வீட்டார் கொடுத்த புகார் காத்திருக்கும். பெண்ணைக் காணவில்லை என்றோ, கணவன் கடத்திவிட்டான் என்றோ. 18 வயது கடந்தவள் ‘நானாகத்தான் வந்தேன்’ என்று சொன்ன நிமிடமே முடிய வேண்டிய புகார். ஆனால் ‘பெத்தவங்க மனசையும் பாரும்மா’ என்று பஞ்சாயத்து தொடங்கும். அம்மா அழுவாள். கடைசியில் ‘பெற்றோரிடம் ஒப்படைக்கப்பட்டாள்’ என்று எழுதி முடிப்பார்கள். தொலைந்த பையை, திருட்டுப்போன வண்டியை உரியவரிடம் ஒப்படைக்கலாம். வயது வந்த பெண்ணுக்கு உரியவர் யார்?

வகுப்பில் நான் உடன்போக்கு நடத்துகிறேன். கலித்தொகையில் மகளைத் தேடிப்போகும் செவிலியிடம், அவள் செய்தது அறமே, வருந்தாதே என்று வழியில் வரும் அந்தணர்கள் சொல்கிறார்கள். அவர்கள் தேடிவந்தவளைத் தேற்றினார்கள். நம் காவல் நிலையங்கள் போனவளைத் திருப்பி அனுப்புகின்றன.

சட்டம் இல்லாமல் இல்லை. சாதி மாறி மணந்தவர்களுக்குத் தொல்லை நேராமல் காவல்துறை பார்த்துக்கொள்ள வேண்டும் என்று லதா சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2006-லேயே சொன்னது. 2016 மார்ச்சில் உடுமலைப்பேட்டையில் பட்டப்பகலில் சங்கர் வெட்டிக் கொல்லப்பட்டார். கௌசல்யா படுகாயத்தோடு பிழைத்தார். அடுத்த மாதம், விமலாதேவி மரணம் தொடர்பான வழக்கில், மாவட்டந்தோறும் சிறப்புப் பிரிவும் 24 மணி நேரத் தொலைபேசி உதவியும் வேண்டும் என்று சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. 2018-இல் சக்தி வாஹினி வழக்கில் உச்ச நீதிமன்றம் பாதுகாப்பு இல்லங்களையும், தவறும் அதிகாரிகள்மேல் துறை நடவடிக்கையையும் சேர்த்துச் சொன்னது. உங்கள் மாவட்டச் சிறப்புப் பிரிவின் எண் உங்களுக்குத் தெரியுமா? என் மாணவிகளில் ஒருத்திக்கும் தெரியவில்லை.

‘ஒவ்வொரு ஜோடிக்கும் வாசலில் போலீஸ் நிறுத்த முடியுமா?’ என்று கேட்கிறார்கள். வாசலில் போலீஸ் நிற்க வேண்டும் என்று யார் கேட்டது? மிரட்டியவன்மேல் வழக்குப் பதியுங்கள். பொய்க் கடத்தல் புகாரை முடித்துவையுங்கள். பெண் கேட்காமல் அவள் வீட்டாரை அவள்முன் உட்காரவைக்காதீர்கள். அவள் தங்க ஓர் இடம் கொடுங்கள். முதல் மூன்றுக்கும் கூடுதலாக ஒரு காவலர்கூடத் தேவையில்லை.

2025 ஜூலையில் திருநெல்வேலியில் ஒரு தலித் இளைஞர் கொல்லப்பட்டார். கைதானவரின் தாயும் தந்தையும் காவல் உதவி ஆய்வாளர்கள். குடும்பமும் காக்கியும் ஒரே வீட்டில் இருக்கும்போது, பாதுகாப்பைத் தீர்மானிக்கும் பொறுப்பை உள்ளூர் நிலையத்திடம் விடுவதை நீதிமன்றங்கள் நிறுத்த வேண்டும். மனு வந்த அன்றே மாவட்டக் கண்காணிப்பாளரைப் பெயர் சொல்லிப் பொறுப்பாக்குங்கள். அந்தப் பெண்ணுக்கு ஏதாவது நேர்ந்தால், ஏன் காக்கவில்லை என்று அவர் நீதிமன்றத்தில் நின்று பதில் சொல்லட்டும்.